ஸ்லைம் ரான்ச்சர்: முதலில் தீனி, அப்புறம்தான் ஸ்லைம்

கேள்வியின் சுருக்கம் இது: ஸ்லைம் ரான்ச்சர் என்ற வீடியோ கேமில் ஆறு பட்டிகள், ஆறிலும் வேறு வேறு ஸ்லைம். எந்நேரமும் தீனி தேடி அலைவதிலேயே பொழுது போய்விடுகிறது. கோழி பெருகவே மாட்டேன் என்கிறது. ஹண்டர் ஸ்லைம்கள் வேலி தாண்டி ஓடுகின்றன. கறுப்பாக ஏதோ ஒன்று கிளம்பி இரண்டு பட்டிகளைக் காலி செய்துவிட்டது. எந்த ஸ்லைமை எதோடு சேர்த்து வளர்ப்பது, இல்லை பேசாமல் இரண்டாம் பாகத்துக்குப் போய்விடலாமா?

நான்கு தொல்லைகளுக்கும் வேர் ஒன்றுதான். கண்ணுக்குப் பிடித்த ஸ்லைமை எல்லாம் பிடித்து வந்துவிட்டு, அதற்கு என்ன போடுவது என்று பிறகு யோசிக்கிறீர்கள். மாடு வாங்கும் முன் வைக்கோலுக்கு வழி பார்க்க வேண்டும் என்பார்களே, இந்தப் பண்ணைக்கும் அதே கணக்கு. எந்தத் தீனியை உட்கார்ந்த இடத்தில் விளைவிக்க முடியும் என்று முதலில் முடிவு செய்யுங்கள். அந்தத் தீனியில் எந்த ஸ்லைம் வாழும் என்பது அப்புறம். இப்படித் திருப்பிப் பார்த்தால் ஆட்டமே வேறாகிவிடும்.

இதை இன்னும் ஆடாதவர்களுக்காக நாலு வரி. மொனோமி பார்க் என்ற நிறுவனம் உருவாக்கியது, 2016-இல் முன்னோட்டமாக வந்து, 2017 ஆகஸ்டில் முழுதாக வெளியானது. பீட்ரிக்ஸ் லெபோ என்ற இளம்பெண், பூமியிலிருந்து ஆயிரம் ஒளியாண்டு தொலைவில் இருக்கும் ஃபார் ஃபார் ரேஞ்ச் என்ற இடத்தில் ஒரு பழைய பண்ணையை எடுத்து நடத்துகிறாள். கையில் இருப்பது வேக்பேக்: உறிஞ்சவும் செய்யும், துப்பவும் செய்யும். ஸ்லைம்கள் கொழகொழவென்று உருண்டையாகக் குதித்துத் திரியும் பிராணிகள். தீனி போட்டால் பிளார்ட் என்று ஒரு பளபளப்பான கட்டியைப் போடும். அந்தப் பிளார்ட்டைச் சந்தையில் விற்பதுதான் வருமானம்.

இனி தீனி விஷயத்துக்கு வருகிறேன். ஸ்லைம்கள் பெரும்பாலும் மூன்று சாதி: காய் தின்பவை, பழம் தின்பவை, கறி (அதாவது கோழி) தின்பவை. பிங்க் மட்டும் எதைப் போட்டாலும் தின்னும். அதற்கென்று தனிப்பிரியம் கிடையாது. மற்றவற்றுக்கு ஒவ்வொன்றுக்கும் ஒரு பிரிய தீனி உண்டு. ராக் ஸ்லைமுக்கு ஹார்ட் பீட். டேபிக்கு ஸ்டோனி ஹென். ஃபாஸ்ஃபருக்கு கியூபெரி, ஹனிக்கு மின்ட் மாங்கோ, ராடுக்கு ஓகா ஓகா, கிரிஸ்டலுக்கு ஆட் ஆனியன், பூமுக்கு பிரையர் ஹென். ஹண்டருக்கு ரூஸ்ட்ரோ, அதாவது சேவல். குவான்டமுக்கு ஃபேஸ் லெமன், டெர்விஷுக்கு பிரிக்கிள் பேர், மொசைக்குக்கு சில்வர் பார்ஸ்னிப், டேங்கிளுக்கு பெயின்டெட் ஹென். சாதாரணத் தீனிக்கு ஒரு பிளார்ட், பிரிய தீனிக்கு இரண்டு. கேரட்டும் போகோஃப்ரூட்டும் இந்த வரிசையில் யாருக்கும் பிரியமில்லை. முதல் சில நாட்களை ஓட்ட அவை உதவும், அதற்கு மேல் அவற்றுக்குத் தோட்டத்தில் இடம் கொடுப்பது வீண்.

அடுத்தது லார்கோ. ஒரு ஸ்லைம் இன்னொரு வகை ஸ்லைமின் பிளார்ட்டைத் தின்றால் இரண்டும் கலந்த பெரிய உடம்பாக மாறிவிடும். டேபி ஒன்று ராக் பிளார்ட்டைத் தின்றதும் பார்த்திருப்பீர்கள்: ஒரு நொடியில் ஊதிப் பெருத்து, பூனைக் காதும் வாலும் அப்படியே இருக்க, முதுகில் கல் முட்கள் முளைத்து நிற்கும். இந்த லார்கோ ஒரு வாய்த் தீனிக்கு இரண்டு வகையிலும் ஒவ்வொரு பிளார்ட் போடும். பிரிய தீனி என்றால் இரண்டு வகையிலும் இரண்டிரண்டு, ஆக நான்கு.

கணக்கைப் பாருங்கள். பத்து ராக் ஸ்லைமுக்குப் பத்து கேரட் போட்டால் பத்து பிளார்ட். அதே பத்துக்கு ஹார்ட் பீட் போட்டால் இருபது. பத்து டேபி-ராக் லார்கோவுக்கு அதே பத்து ஹார்ட் பீட் போட்டால் நாற்பது. தோட்டம் ஒன்றுதான், பட்டி ஒன்றுதான், உங்கள் நடையும் ஒன்றுதான்.

இதில்தான் உங்கள் கோழிப் பிரச்சினைக்குத் தீர்வு இருக்கிறது. லார்கோவின் வயிறு இரண்டு ஸ்லைமின் வயிறும் சேர்ந்தது. டேபி-ராக் லார்கோவுக்குக் கோழியும் ஆகும், காயும் ஆகும். ஹார்ட் பீட் மட்டும் போட்டாலும் டேபி பிளார்ட் இரண்டு வந்து விழும். ராக் பாதிக்குப் பிரியமானதே போதும், டேபி பாதியும் அதே பலனைத் தந்துவிடும். அதாவது கறி தின்னும் எந்த ஸ்லைமையும் காய் அல்லது பழம் தின்னும் ஒன்றோடு கலந்துவிட்டால், கோழிக்கூடு இல்லாமலே அதன் பிளார்ட் இரட்டிப்பாகக் கிடைக்கும். இந்த ஆட்டத்தில் எனக்கு மிகவும் பிடித்த விஷயமே இதுதான். கோழி வளர்ப்பு இல்லாமலே முழுப் பண்ணையையும் நடத்தலாம்.

ஹண்டரை எடுத்துக்கொள்ளுங்கள். அதற்குப் பிரியம் சேவல். ஆனால் கூட்டில் பெட்டை முட்டையிட்டுக் குஞ்சு பொரிக்க வேண்டுமென்றால் பக்கத்தில் சேவல் இருந்தாக வேண்டும். குஞ்சுகள் வளரும்போது பெரும்பாலானவை பெட்டையாகத்தான் வரும், சேவலாவது அபூர்வம். ஆக ஹண்டருக்குப் பிரியமாகப் போடப் போட, கூட்டை நடத்தவே ஆள் இல்லாமல் போகும். உங்கள் கோழி பெருகாததற்கும் ஹண்டர்கள் பசியில் வேலி தாண்டுவதற்கும் இதுவே காரணமாக இருக்கும் என்று நினைக்கிறேன். மாஸ் பிளாங்கெட் காட்டில் ஹண்டரும் உண்டு, ஹனியும் உண்டு, மின்ட் மாங்கோவும் அங்கேயே கிடைக்கும். ஹண்டர்-ஹனி லார்கோ செய்து, மின்ட் மாங்கோ மரம் ஒன்று போட்டுவிடுங்கள். இரண்டுமே விலை போகும் பிளார்ட், தீனியோ தோட்டத்திலிருந்து.

லார்கோ செய்ய இரண்டு வகை ஸ்லைமையும் பிடித்துவர வேண்டியதில்லை. ஒரு வகையைப் பட்டியில் விட்டு, மற்ற வகையின் பிளார்ட்டைத் தலைக்கு ஒன்றாக உள்ளே துப்பினால் போதும். இதை எப்போதும் பட்டிக்குள் வைத்தே செய்யுங்கள். சிறிய ஸ்லைம் வேக்பேக்கின் தொட்டிக்குள் போகும், ஆரம்பத்தில் ஓர் அறைக்கு இருபது என்று அடுக்கலாம். லார்கோ தொட்டிக்குள் போகாது, குழாய் வாயில் ஒன்றாகத்தான் ஒட்டிக்கொண்டு வரும். காட்டில் கண்ட லார்கோவைப் பத்து தடவை தூக்கிவந்து சேர்ப்பது பொழுதைத் தின்னும் வேலை.

சரி, அந்தக் கறுப்பு விஷயம். அதன் பெயர் டார். எண்ணெய் படிந்த தண்ணீர் போலக் கறுப்பில் வானவில் நிறம் மினுக்கும், வாயைப் பிளந்துகொண்டு வரும். ஏற்கெனவே இரண்டு வகை கலந்த லார்கோ, மூன்றாவது வகைப் பிளார்ட் ஒன்றைத் தின்றால் டார் ஆகிவிடும். டார் மற்ற ஸ்லைம்களைத் தின்று, தானும் பெருகும். உங்களையும் கடிக்கும். உங்கள் பண்ணையில் இரண்டு பட்டிகள் போனது இப்படித்தான்.

இதிலிருந்து வரும் விதி ஒன்றே ஒன்று, அதை மட்டும் விடாமல் பிடித்துக்கொள்ளுங்கள்: ஒரு பட்டிக்குள் எந்தக் காலத்திலும் மூன்றாவது வகைப் பிளார்ட் போகக்கூடாது. இரண்டே வகை இருக்கும் பட்டியில் டார் பிறக்கவே முடியாது. அவை ஒன்றின் பிளார்ட்டை ஒன்று தின்று லார்கோ ஆகும், அதோடு நிற்கும். தன்னிடம் ஏற்கெனவே இருக்கும் வகையை லார்கோ சீண்டாது. பலர் கோட்டை விடும் இடம் பொதுப் பங்காளி. பிங்க்-ராக்கையும் பிங்க்-டேபியையும் ஒரே பட்டியில் விடுவார்கள், பிங்க் பொதுதானே என்று. ஆனால் அந்தப் பட்டிக்குள் இப்போது மூன்று வகைப் பிளார்ட் உருண்டுகொண்டிருக்கிறது. பிங்க்-ராக்குக்கு டேபி பிளார்ட் மூன்றாவது, கதை முடிந்தது.

மூன்றாவது பிளார்ட் எப்படியெல்லாம் வரும் என்று பாருங்கள். பக்கத்துப் பட்டியில் பிளார்ட் குவிந்து கிடந்தால் துள்ளி விழும். பக்கத்துப் பட்டியிலிருந்து ஸ்லைமே தாவி வரும். பூம் ஸ்லைம் வெடிக்கும்போது சுற்றியிருப்பது எல்லாம் சிதறும். எல்லாவற்றையும் விட அதிகம் நடப்பது உங்கள் கையால்தான்: தொட்டியில் நான்கு அறைகள், அவசரத்தில் தவறான அறையைத் தேர்ந்து, மாங்காய் என்று நினைத்து ராட் பிளார்ட்டைத் துப்பிவிடுவீர்கள். அதனால் தீனி கொண்டுபோகும் நடையில் பிளார்ட் எடுக்காதீர்கள், பிளார்ட் எடுக்கும் நடையில் தீனி வேண்டாம். ஹனி இருக்கும் பண்ணையில் கூடுதல் கவனம் தேவை, ஹனி பிளார்ட்டின் வாசம் மற்ற ஸ்லைம்களை வெகுவாக இழுக்கும். இரண்டு பட்டிகளைப் பக்கம் பக்கமாகக் கட்டாமல் நடுவே ஒரு தோட்டமோ சைலோவோ (சேமிப்புக் கிடங்கு) வைத்தால் பாதித் தொல்லை அங்கேயே தீரும்.

டார் வந்துவிட்டால் தண்ணீர்தான் மருந்து. வேக்பேக்குக்குத் தண்ணீர்த் தொட்டி தனியாக வாங்க வேண்டும். இன்னும் வாங்கவில்லை என்றால் மற்ற எல்லாவற்றுக்கும் முன் அதை வாங்குங்கள். பீய்ச்சிக்கொண்டே இருந்தால் டார் கரைந்துவிடும். தண்ணீர் கையில் இல்லாவிட்டால் உறிஞ்சிப் பிடித்துக் கடலில் எறிந்துவிடலாம். முதலில் மிச்சமிருக்கும் ஸ்லைம்களைக் காப்பாற்றலாம் என்று போகாதீர்கள். டாரைத் தீர்த்துவிட்டு அப்புறம் அவற்றைப் பார்க்கலாம்.

பட்டிக்கான மேம்பாடுகளில் வரிசை முக்கியம். உயர்ந்த சுவர் முதலில், எந்த ஸ்லைமாக இருந்தாலும். இரண்டாவது பிளார்ட் சேகரிப்பான்: கீழே கிடக்கும் பிளார்ட்டை அவ்வப்போது தானே உறிஞ்சிக்கொள்ளும். இதை வெறும் சோம்பேறிக்கான வசதி என்று நினைக்கிறார்கள், எனக்கு அது பாதுகாப்புச் சாதனம். கீழே பிளார்ட் கிடக்கவில்லை என்றால் பக்கத்துப் பட்டிக்குத் துள்ளிப் போகவும் எதுவும் இல்லை. மூன்றாவது தானியங்கித் தீனிப்பெட்டி. இதன் வேகத்தைக் குறைத்து வைக்கலாம் என்பதைப் பலர் கவனிப்பதில்லை. ஸ்லைம் ஒரு தடவை தின்றால் மறுபடி பசிக்கும் வரை தொடாது, பெட்டி மட்டும் கொட்டிக்கொண்டே இருந்தால் தீனி கீழே கிடந்து அழுகிப்போகும். பட்டி பெரிதாக இல்லை என்றால் மெதுவான வேகமே போதும். தீனி பற்றாக்குறை என்று சொல்பவர்களின் பண்ணையில் பாதித் தீனி இப்படிப் போவதைப் பார்க்கலாம்.

இசைப்பெட்டி ஸ்லைம்களின் படபடப்பைக் குறைக்கும். ஆனால் படபடப்புக்கு முதல் காரணம் பசி. பசித்த ஸ்லைமின் முகத்தைக் கவனித்தாலே தெரியும், குதிக்கும் உயரமும் கூடும். வயிறு நிறைந்த பட்டியில் ஓட்டம் குறைவு. ஒரு பட்டிக்கு எட்டு, பத்து லார்கோவுக்கு மேல் நான் விடமாட்டேன். அதற்கு மேல் போனால் எது தின்றது, எது பட்டினி என்று தெரியாது.

தனிக் கவனிப்புக் கேட்கும் சில உண்டு. ஃபாஸ்ஃபர் வெயில் பட்டால் மறைந்து போய்விடும், அதற்குச் சூரியத் தடுப்பு போட வேண்டும். குரோட்டோ என்ற குகைப் பகுதியை வாங்கிவிட்டால் அங்கே வெயிலே வராது, தடுப்பும் வேண்டாம். ஃபாஸ்ஃபர்-ஹனி கலவைக்கு அதைவிடப் பொருத்தமான இடம் இல்லை. ராடுக்கு அருகே நெடுநேரம் நின்றால் கதிர்வீச்சு உங்களைத் தாக்கும். கிரிஸ்டல் படபடத்தால் தரையிலிருந்து முட்பாறைகளைக் கிளப்பும். ராடையும் கிரிஸ்டலையும் சேர்ப்பவர்கள், இரண்டும் காய் தின்பவை, ஒரே தோட்டம் போதும் என்பார்கள். தீனிக் கணக்கு சரிதான். ஆனால் அந்தப் பட்டிக்குள் நீங்கள் போகவே முடியாது. அபாயக் குணம் உள்ள ஒன்றை, சாதுவான ஒன்றோடு கட்டுங்கள்: ராடோடு ராக் போதும் (ராக் முள் குத்தும், அவ்வளவுதான்), கிரிஸ்டலோடு ஹனி நன்றாக இருக்கும். குவான்டம் படபடத்தால் தன் சாயல்களை அங்கங்கே நிறுத்தி, சாயல் நிற்கும் இடத்துக்குத் தாவிவிடும், சுவரெல்லாம் அதற்குப் பொருட்டில்லை. அதைப் பசிக்க விடாமல் வைப்பது ஒன்றே வழி, எனவே தீனிப்பெட்டி இல்லாமல் குவான்டம் வளர்க்காதீர்கள். டேங்கிள் பசித்தால் கொடியை நீட்டித் தூரத்துத் தீனியை இழுத்துக்கொள்ளும், கோழிக்கூட்டுக்குத் தள்ளியே வைத்திருங்கள்.

பட்டியிலேயே வளராதவையும் இருக்கின்றன. பட்டில் ஸ்லைமுக்குக் குளம் வேண்டும், தீனி தண்ணீரேதான். ஒரு குளத்தில் நான்குக்கு மேல் விட்டால் வெட்கப்பட்டுப் பிளார்ட் போடாது. எவ்வளவு அழகான யோசனை! ஃபயர் ஸ்லைம் சாம்பல் தின்னும், அதற்கு எரியுலை கட்டிச் சாம்பல் தொட்டி வைக்க வேண்டும். அழுகும் நிலையில் இருக்கும் மிச்சக் காய் பழங்களை அந்த உலையில் போட்டால் அதுவே சாம்பலாகும், எதுவும் வீணாகாது. இந்த இரண்டும் லார்கோ ஆகாது, அதனால் டார் பயமும் இல்லை. கோல்ட் ஸ்லைமைப் பிடிக்கவே முடியாது. கண்ணில் பட்டதும் கையிலிருப்பதை அதன் மேல் எறியுங்கள், தங்கப் பிளார்ட் விழும். லக்கி ஸ்லைமுக்குக் கோழி கொடுத்தால் காசாகவே கொட்டும்.

கோழியே வேண்டாம் என்று சொல்லவில்லை. லக்கிக்கும், கோர்டோக்களுக்கும் (இவற்றை அடுத்துச் சொல்கிறேன்), சக பண்ணையாளர்கள் கேட்கும் பண்டமாற்றுக்கும் கொஞ்சம் கோழி இருப்பது நல்லது. ஒரு கூடு போதும். கிழட்டுப் பெட்டைகள் முட்டையிடாது, கூட்டில் இடத்தை மட்டும் அடைக்கும். தீனிக்கு எடுக்கும்போது அவற்றைத்தான் எடுக்க வேண்டும். குஞ்சுகளை ஸ்லைம்கள் தின்னாது, அவற்றைப் பட்டியில் போட்டுப் பயனில்லை. சேவலைத் தொடாதீர்கள்.

கோர்டோ என்பது ஓரிடத்தில் அசையாமல் உட்கார்ந்திருக்கும் மாபெரும் ஸ்லைம். வெடிக்கும் வரை தீனி போட்டால் சாவியோ வழியோ திறக்கும். பிரிய தீனி அதற்கு இரட்டையாகக் கணக்காகும். கோர்டோவுக்காகப் பண்ணைத் தீனியைச் சுமந்துபோய் பட்டிகளைப் பட்டினி போடாதீர்கள், வழியில் காட்டில் கிடைப்பதைப் பொறுக்கிக்கொண்டே போனால் போதும்.

உங்கள் ஆறு பட்டிகளுக்கு நான் சொல்லும் ஏற்பாடு இது. பிங்கைக் கைவிடுங்கள். எதையும் தின்னும் என்பதால் லார்கோவில் சேர்க்கத் தோன்றும், ஆனால் அதன் பிளார்ட் விலை மிகக் குறைவு, உங்கள் தீனியின் விளைச்சலில் பாதி அந்த மலிவான பிளார்ட்டாகப் போய்விடும். டேபி-ராக் ஒரு பட்டி, அதற்கு ஹார்ட் பீட். ஹண்டர்-ஹனி ஒரு பட்டி, அதற்கு மின்ட் மாங்கோ. ராட்டும் பூமும் வைத்திருந்தால் அவற்றைத் தனித்தனியே பிரித்து, பூமை ஃபாஸ்ஃபரோடு சேர்த்து கியூபெரி போடுங்கள், ராடை இன்னொரு ராக் கூட்டத்தோடு சேர்த்து ஓகா ஓகாவிலோ ஹார்ட் பீட்டிலோ ஓட்டுங்கள். நான்கு பட்டிகள் ஆயிற்று. மிச்ச இரண்டு இடங்களை இடித்துத் தோட்டமாக்குங்கள். ஒரு காயோ பழமோ உள்ளே துப்பினால் அந்த மனை முழுக்க அதுவே விளையும், ஊட்டமண் போட்டால் விளைச்சல் கூடும். பட்டியைக் குறைக்கச் சொல்கிறேனே என்று வருத்தப்படாதீர்கள், நான்கு பட்டிகளில் எட்டு வகைப் பிளார்ட் வரப்போகிறது, ராக் இரு முறை வருவதால் ஏழு என்று வைத்துக்கொள்ளுங்கள்.

வகை பல இருப்பது சந்தைக்கும் நல்லது. ஒரே வகையைக் குவித்து விற்றால் அதன் விலை இறங்கும், சில நாள் விட்டால் ஏறும். விலைப் பலகையைத் தினமும் ஒரு பார்வை பாருங்கள். இறங்கியிருப்பதைச் சைலோவில் போட்டு வையுங்கள், ஏறியிருப்பதை மட்டும் விற்றுவிடுங்கள்.

இதெல்லாம் நிலைபெற்று, ஆய்வுக்கூடமும் திறந்துவிட்டால் ட்ரோன் செய்யலாம். எதை, எங்கிருந்து எடுத்து, எங்கே போடுவது என்று சொல்லிவிட்டால் தோட்டத்துப் பழத்தைத் தீனிப்பெட்டிக்குக் கொண்டுபோகும். அவ்வப்போது அதற்குத் தண்ணீர் பீய்ச்ச வேண்டும், இல்லாவிட்டால் நின்றுவிடும். ட்ரோன் வந்த பிறகுதான் கிளாஸ் டெசர்ட் என்ற பாலைவனப் பகுதி வரை நிம்மதியாகப் போய்வர முடியும்.

இரண்டாம் பாகம் 2022 செப்டம்பரில் முன்னோட்டமாக வந்தது. இடம் ரெயின்போ தீவு, பீட்ரிக்ஸ் அதே பீட்ரிக்ஸ். பிரிய தீனி, லார்கோ, மூன்றாவது பிளார்ட்டால் வரும் டார் எல்லாம் அங்கேயும் உண்டு. காட்டன் ஸ்லைமுக்கு வாட்டர் லெட்டஸ் பிரியம், ஆங்லருக்கு சீ ஹென். ஃப்ளட்டர் பூந்தேன் மட்டுமே குடிக்கும். ரிங்டெயில் பழமும் தின்னும், காயும் தின்னும், வெயிலில் கல்லாகிவிடும். இங்கே தீனிக் கணக்கு கைவராமல் அங்கே போனால் அதே கறுப்பு உருவம் அங்கேயும் வரும். இப்போதைய பண்ணையில் முதலில் அந்த ஹண்டர் பட்டியைச் சரிசெய்யுங்கள்: மாஸ் பிளாங்கெட் போய், மின்ட் மாங்கோ ஒன்றும் ஹனி பிளார்ட் தலைக்கு ஒன்றும் கொண்டுவந்தால் போதும்.